ஷுங்காவை அனிமேயின் பாட்டனாக்காதீர்கள்

அனிமே பற்றித் தமிழில் எழுதியும் காணொளிகளில் பேசியும் வரும் நண்பர்களுக்கு,

2025 செப்டம்பரில் 'டீமன் ஸ்லேயர்: இன்ஃபினிட்டி காசில்' தமிழ்க் குரலோடு திரையரங்குகளுக்கு வந்தது. அனிமேயை இனி யாரும் நான்கு பேருடைய பொழுதுபோக்கு என்று ஒதுக்க முடியாது. பார்வையாளர்கள் பெருகப் பெருக அதைப் பற்றிய பேச்சும் பெருகியிருக்கிறது. அந்தப் பேச்சில் ஒரு வாதம் திரும்பத் திரும்ப வருகிறது. அனிமேயிலும், ஜப்பானியப் படக்கதைகளான மாங்காவிலும் ஒரு பகுதி வெளிப்படையான காமச் சித்திரிப்பாக இருக்கிறதே, ஏன் என்று கேட்டால் உடனே எடோ காலத்து ஷுங்கா ஓவியங்களை எடுத்துக் காட்டுகிறார்கள். ஹோகுசாயின் ஆக்டோபஸ் படத்தைத் திரையில் போட்டு, 'இருநூறு வருடமாகவே இவர்கள் இப்படித்தான்' என்கிறார் ஒருவர். அதே படத்தைப் போட்டு, 'ஆபாசம் என்று சொல்லாதீர்கள், இது மரபு' என்கிறார் இன்னொருவர். பழிப்பவர் கையிலும் காப்பவர் கையிலும் இருப்பது ஒரே சான்று. இருவரும் நம்புவதும் ஒன்றையே: ஷுங்காவிலிருந்து இன்றைய அனிமே வரை அறுபடாத கோடு ஒன்று வருகிறது என்பதை. அந்தக் கோடு அறுந்தது. எப்போது அறுந்தது, யார் அறுத்தார்கள், அறுந்த இடத்தில் என்ன முளைத்தது என்பதற்கெல்லாம் ஆவணங்கள் இருக்கின்றன. அவற்றை உங்கள் முன் வைக்கவே இந்த மடல்.

முதலில் ஷுங்கா என்னவென்று பார்ப்போம். 1603 முதல் 1868 வரை தோகுகாவா ஷோகன்கள் ஆண்ட காலத்தில், எடோ (இன்றைய டோக்கியோ), கியோட்டோ, ஒசாகா நகரங்களில் மரக்கட்டை அச்சில் வெளிவந்த காமச் சித்திரங்கள் அவை. பட்டில் தீட்டிய சுருள்களும் உண்டு, ஆனால் பரவலாகக் கைக்குக் கை போனவை அச்சுப் புத்தகங்களே. 17ஆம் நூற்றாண்டில் மொரோனோபு, 1765ல் பல வண்ண அச்சுக்கு வழி திறந்த ஹருனோபு, பின்னால் கியோநாகா, உதாமாரோ, ஹோகுசாய் என்று உகியோ-ஏ என்ற அக்கால ஓவிய மரபில் பெயர் பெற்றவர்களில் பெரும்பாலோர் இதையும் வரைந்திருக்கிறார்கள். ஒதுக்குப்புறமான ஓவியர்கள் ஒளிந்து செய்த வேலை என்று நினைக்க இடமில்லை. பதிப்பாளர் முதலைப் போட, ஓவியர் மெல்லிய தாளில் கோட்டோவியம் தர, செதுக்குபவர் அந்தத் தாளை செர்ரி மரப்பலகையில் ஒட்டிச் செதுக்க, அச்சிடுபவர் ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு பலகையாக மாற்றி மாற்றி ஒற்றியெடுப்பார். நெற்றியோரத்து முடியை ஒவ்வொரு இழையாகப் பிரித்துச் செதுக்குவது செதுக்குபவரின் உச்சத் தேர்ச்சி. அந்தத் தேர்ச்சியை ஷுங்காவில் தாராளமாகக் காணலாம். புத்தகத்தை விலை கொடுத்து வாங்க முடியாதவர்கள் வாடகைக்கு எடுத்துப் படித்தார்கள். முதுகில் மூட்டை சுமந்து வீடு வீடாகப் போன வாடகைப் புத்தகக்காரர்களின் கடைகள் 1808ல் எடோவில் மட்டும் 656 இருந்ததாகக் கணக்கு இருக்கிறது. அந்த மூட்டைக்குள் வீரக் கதையும் இருந்தது, ஷுங்காவும் இருந்தது.

1788ல் உதாமாரோ வரைந்த 'உதாமகுரா' தொகுப்பில் ஒரு படத்தை நிதானமாகப் பாருங்கள். தேநீர் விடுதியின் மாடியறையில் ஆணும் பெண்ணும் படுத்திருக்கிறார்கள். பெண்ணின் முதுகுப்புறம் நம் பக்கம். அவள் பிடரி தெரிகிறது, முகம் தெரியவில்லை. அவனுடைய முகமும் மறைந்திருக்கிறது, அவள் கூந்தலுக்குக் கீழே ஒற்றைக் கண் மட்டும் எட்டிப் பார்க்கிறது. ஊடுருவித் தெரியும் மெல்லிய பட்டாடை இருவர் மேலும் வழிகிறது. அவன் கையிலிருக்கும் விசிறியில் ஒரு வேடிக்கைக் கவிதை: சிப்பிக்குள் அலகு மாட்டிக்கொண்டு பறக்க முடியாமல் தவிக்கும் ஒரு பறவையைப் பற்றியது. காமமும் கவிதையும் கேலியும் ஒரே தாளில் இருக்கின்றன. சமகாலத்தவர்கள் இவ்வகைப் படங்களைச் 'சிரிப்புப் படங்கள்' என்றும் அழைத்திருக்கிறார்கள். 1859ல் யோகொஹாமாவுக்கு வந்த ஃபிரான்சிஸ் ஹால் என்ற அமெரிக்க வணிகர், தெரிந்த ஒருவர் வீட்டுக்குப் போனபோது இப்படிப்பட்ட படங்களை அவர்கள் பெருமையாக எடுத்துக் காட்டியதைக் கண்டு அதிர்ந்து நாட்குறிப்பில் எழுதி வைத்தார். காட்டியவர்களுக்கு அதில் கூச்சம் இருக்கவில்லை. அந்தக் கூச்சமின்மை எங்கே போயிற்று என்பதுதான் நாம் பார்க்க வேண்டியது.

எடோ அரசு எல்லாவற்றையும் அனுமதித்தது என்றும் நினைத்துவிடக் கூடாது. 1722ல் வந்த ஆணை காமநூல்களை நிறுத்தச் சொன்னது, புத்தகங்களின் கடைசியில் ஆசிரியர் பெயரும் பதிப்பாளர் பெயரும் இருக்க வேண்டும் என்றது. அன்றிலிருந்து ஷுங்கா சட்டத்துக்கு வெளியே போனது. பெயரில்லாமலோ புனைபெயரிலோ வெளிவந்தது. சட்டத்துக்கு வெளியே இருந்ததால் 1790க்குப் பிறகு மற்ற அச்சுப் படங்களுக்குக் கட்டாயமான தணிக்கை முத்திரை அதற்கு வேண்டியிருக்கவில்லை. வண்ணத்துக்கும் தாளுக்கும் எவ்வளவு செலவழிக்கலாம் என்ற கட்டுப்பாடும் அதைத் தொடவில்லை. அதனால்தான் மிக ஆடம்பரமான அச்சு வேலைப்பாடு ஷுங்காவில் கிடைக்கிறது. தண்டனைகள் எதற்கு வந்தன என்பதைக் கவனியுங்கள். 1791ல் கேளிக்கைப் பேட்டையைப் பற்றிய கதைப்புத்தகங்களுக்காக எழுத்தாளர் சாந்தோ கியோதென் ஐம்பது நாள் கைவிலங்கோடு இருந்தார், பதிப்பாளர் ட்சுதாயா ஜூஸாபுரோவின் சொத்தில் பாதி போனது. 1804ல் உதாமாரோவுக்கும் ஐம்பது நாள் கைவிலங்கு. ஆனால் அவர் பிடிபட்டது ஷுங்காவுக்காக அல்ல, பழைய ஆட்சியாளரான தோயோதோமி ஹிதேயோஷியையும் அவருடைய பெண்களையும் படம் போட்டதற்காக. எடோ அதிகாரிகளின் கண்ணை உறுத்தியது உடலைவிட அரசியல்தான்.

இந்தச் சமநிலை, ஷோகன்களுக்குப் பின் வந்த மெய்ஜி ஆட்சியில் உடைந்தது. 1850களில் மேற்கு நாடுகள் ஜப்பான் மேல் சுமத்திய சமமற்ற ஒப்பந்தங்களை நீக்க வேண்டுமானால், தாங்கள் நாகரிகமானவர்கள் என்று அந்த நாடுகளின் கண்ணுக்குக் காட்டியாக வேண்டும் என்று புதிய அரசு நினைத்தது. 1872ல் டோக்கியோவில் வந்த சிறு குற்றங்களுக்கான விதிகள் ஒரே மூச்சில் பலவற்றைத் தடுத்தன: ஆண்பெண் சேர்ந்து குளிக்கும் பொதுக் குளியலறை, தெருவில் அரைகுறை ஆடையோடு நடப்பது, ஷுங்கா விற்பது. தாத்தா காலத்தில் சாதாரணமாக இருந்ததெல்லாம் பேரன் காலத்தில் காவல் நிலைய விவகாரமானது. 1907ல் நிறைவேறி அடுத்த ஆண்டு அமலுக்கு வந்த தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவு, ஆபாசமான எழுத்தையும் படத்தையும் விற்பதையும் பரப்புவதையும் பொதுவில் காட்டுவதையும் குற்றமாக்கியது. அந்தப் பிரிவு இன்றும் உயிரோடு இருக்கிறது. வெட்கம் எவ்வளவு வேகமாகக் கற்றுக்கொள்ளப்பட்டது என்பதற்கு 1901ஆம் ஆண்டுச் சம்பவம் ஒன்று போதும். பாரிஸில் பயின்ற ஓவியர் குரோதா செய்கி, தன் சங்கத்தின் கண்காட்சியில் நிர்வாணப் பெண் ஓவியம் ஒன்றை வைத்தார். காவல்துறை வந்து அந்த ஓவியத்தின் கீழ்ப்பாதிக்குத் துணி கட்டியது. நூறு ஆண்டுக்கு முன்னால் உதாமாரோவின் புத்தகங்கள் வாடகைக்குப் போன அதே நகரத்தில் நடந்தது இது.

அதே காலத்தில் ஐரோப்பாவில் நேர்மாறாக நடந்தது. பிரெஞ்சு எழுத்தாளர் எட்மண்ட் த கோன்கூர் 1891ல் உதாமாரோ பற்றியும் 1896ல் ஹோகுசாய் பற்றியும் புத்தகம் எழுதினார். ரோதானும் பிக்காஸோவும் ஷுங்கா சேகரித்தார்கள். ஜப்பானில் ஒளிக்கப்பட்டது பாரிஸில் போற்றப்பட்டது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் வந்த அரசமைப்பு தணிக்கையைத் தடை செய்தது, ஆனால் 175ஆம் பிரிவை நீதிமன்றம் காப்பாற்றியது. டி.எச். லாரன்ஸின் 'லேடி சாட்டர்லியின் காதலன்' மொழிபெயர்ப்பு ஆபாசமே என்று ஜப்பான் உச்ச நீதிமன்றம் 1957ல் தீர்ப்பளித்தது. (அதே நாவலை விற்ற மும்பைப் புத்தகக் கடைக்காரர் வழக்கில் 1964ல் நம் உச்ச நீதிமன்றமும் இதையே சொன்னது. அந்தக் காலத்து நீதிபதிகளுக்கு இந்தப் புத்தகம் எங்கும் சிக்கலாகவே இருந்திருக்கிறது.) கலை வரலாற்று ஆய்வாளர்கள்கூட ஷுங்காவை அச்சிடும்போது உறுப்புகளை அழித்தோ, வெட்டியோ, மறைத்தோதான் வெளியிட முடிந்தது. முழுப் படத்தை மறைப்பில்லாமல் ஜப்பானியப் பதிப்பகங்கள் கொண்டுவரத் தொடங்கியது 1990களில்தான். 2013ல் லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகம் நடத்திய பெரும் ஷுங்கா கண்காட்சியை ஏறத்தாழ 90,000 பேர் பார்த்தார்கள். அதை டோக்கியோவுக்குக் கொண்டுவர முயன்றபோது அருங்காட்சியகங்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கைவிரித்தன. கடைசியில் 2015ல் எய்செய் புன்கோ என்ற சிறிய தனியார் அருங்காட்சியகம்தான் இடம் கொடுத்தது. இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் வந்து பார்த்தார்கள். அதே ஆண்டு, ஷுங்கா படங்களை வெளியிட்டதற்காக ஒரு பிரபல வார இதழின் ஆசிரியர் மூன்று மாத விடுப்பில் அனுப்பப்பட்டார். தங்கள் ரத்தத்திலேயே ஊறிய மரபு என்று நீங்கள் சொல்வதை ஜப்பானியர்கள் தங்கள் தலைநகரில் பொதுக் கண்காட்சியாகப் பார்க்க 2015 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இந்த இடைவெளிக்குள்தான் அனிமே பிறந்து வளர்ந்தது. திரையரங்குகளுக்கு வந்த முதல் ஜப்பானிய அசைபடங்கள் 1917ஐச் சேர்ந்தவை, அவை மேற்கிலிருந்து வந்த குறும்படங்களைப் பார்த்துச் செய்தவை. 1945ல் கடற்படைப் பணத்தில் எடுத்த 'மொமோதாரோ: கடலின் தெய்வ வீரர்கள்' படத்தை ஒசாகாவில் பார்த்த பதினாறு வயதுப் பையன், பின்னாளில் மாங்கா ஓவியரான ஒசாமு டெசுகா, தானும் ஒருநாள் அசைபடம் எடுப்பது என்று முடிவு செய்தார். அவருடைய பாத்திரங்களின் பெரிய கண்களுக்கு டிஸ்னியும், அமெரிக்கக் கேலிச்சித்திரங்களும், அவர் வளர்ந்த தகாரஸுகா நகரத்துப் பெண்கள் நாடகக் குழுவின் மேடை ஒப்பனையும் ஊற்று. 1958ல் தோயெய் நிறுவனம் ஜப்பானின் முதல் முழுநீள வண்ண அசைபடத்தை எடுத்தபோது, 'கிழக்கின் டிஸ்னி' ஆவதே அதன் ஆசையாக இருந்தது. 1963 ஜனவரி 1ல் டெசுகாவின் 'ஆஸ்ட்ரோ பாய்' தொலைக்காட்சியில் தொடங்கியது. வாரம் ஒரு பகுதி தர வேண்டும், தொலைக்காட்சி தந்த பணமோ மிகக் குறைவு. அதனால் ஓவியங்களைக் குறைத்தார்கள், ஒரே படத்தை மூன்று சட்டங்களுக்கு நிறுத்தினார்கள், வாய் மட்டும் அசைய முகம் அப்படியே இருந்தது. அனிமேக்கே உரியது என்று நாம் இன்று ரசிக்கும் அந்த நிலைத்த கோட்டழகில் பாதி, பற்றாக்குறையில் பிறந்த உத்தி. இந்த வழியில் எங்கும் ஷுங்கா குறுக்கிடவில்லை.

சரி, காமத்தை மையமாகக் கொண்ட அசைபடங்கள்? பெரியவர்களுக்கான முழுநீள அசைபடங்களில் டெசுகாவின் முஷி நிறுவனமே முன்னோடி. 1969ல் 'ஆயிரத்தொரு இரவுகள்', 1970ல் 'கிளியோபாட்ரா', 1973ல் எயிச்சி யமாமோட்டோ இயக்கிய 'பெல்லடோனா ஆஃப் சேட்னஸ்'. மூன்றின் தலைப்புகளையும் பாருங்கள்: அரபுக் கதை, எகிப்து அரசி, பிரெஞ்சுச் சூனியக்காரி. மூன்றாவது படம் ஜூல் மிஷ்லே எழுதிய சூனியக்காரிகள் வரலாற்றை வைத்து எடுத்தது. குனி ஃபுகாய் வரைந்த அதன் நீர்வண்ணப் படங்களைப் பார்த்தால் கிளிம்ட், பியர்ட்ஸ்லி, ஷீலே ஆகியோரின் கோடுதான் நினைவுக்கு வரும். ஷுங்கா மரபு உயிரோடு இருந்திருந்தால், ஜப்பானின் துணிச்சலான அசைபடக்காரர்கள் காமத்தைக் கலையாக்க முனைந்த அந்தத் தருணத்தில் அதன் கையைப் பிடித்திருக்க மாட்டார்களா? அவர்கள் வியன்னாவுக்கும் பாரிஸுக்கும் போனார்கள். படம் ஓடவில்லை, அதே ஆண்டு முஷி நிறுவனமும் மூழ்கியது. இன்று அந்தப் படத்தை மீட்டெடுத்துப் போற்றுகிறார்கள், அதற்கு முழுத் தகுதியும் அதற்கு உண்டு.

நாம் இன்று அறிந்திருக்கும் காம அசைபடச் சந்தை 1980களில் உண்டானது. வீட்டில் வீடியோ கருவி வந்ததும் திரையரங்கும் தொலைக்காட்சியும் இல்லாமலே ஒளிநாடாவுக்கென்றே படம் எடுக்கலாம் என்றானது. 1983ல் வந்த 'டல்லோஸ்' அந்த வகையில் முதலாவது. அடுத்த ஆண்டே காமப் படங்கள் அந்த வழியில் வரத் தொடங்கின. யாரும் பார்க்காமல் வீட்டில் பார்ப்பதற்கு ஒரு கருவியும், அதை வாடகைக்குத் தர ஒரு கடையும் இருந்தன. இடையில் நின்றது 175ஆம் பிரிவு. எதைக் காட்டலாம் எதைக் காட்டக் கூடாது என்று அந்தச் சட்டம் பட்டியல் போட்டுத் தரவில்லை. காவல்துறையின் பழக்கமும் தொழில்துறை தானே அமைத்துக்கொண்ட சரிபார்ப்புச் சங்கங்களின் அச்சமும் சேர்ந்து, உறுப்பைக் காட்டாதே, மறை, கட்டம் கட்டமாகக் கலை என்ற நடைமுறையை உண்டாக்கின. கொடிபோல் நீளும் கைகள் கொண்ட அரக்கர்களை இந்த வகைப் படங்களில் பிரபலமாக்கியவர் தோஷியோ மாயெதா. 1980களின் நடுவில் அவர் எழுதிய 'உரோட்சுகிதோஜி' மாங்கா 1987ல் அசைபடமானது. ஏன் அந்தக் கைகள் என்று நேர்காணல்களில் கேட்டபோது அவர் சொன்ன காரணம் எளிமையானது: ஆண்குறியை வரையத் தடை இருந்தது, அரக்கனின் கைக்கு அந்தத் தடை கிடையாது. நீங்கள் திரையில் போடும் ஹோகுசாய் படத்துக்கும் இன்றைய அரக்கர்களுக்கும் இடையில் உட்கார்ந்திருப்பது 1907ஆம் ஆண்டின் சட்டப்பிரிவு.

அந்த ஹோகுசாய் படத்துக்கும் நியாயம் செய்வோம். அது 1814ல் வந்த 'கினோஎ நோ கோமாட்சு' என்ற மூன்று பாகப் புத்தகத்தில், எதிரெதிர் இரு பக்கங்களில் விரியும் ஒரு படம். 'மீனவன் மனைவியின் கனவு' என்ற பெயர் பின்னால் மேற்கில் ஒட்டியது, ஹோகுசாய் அதற்குத் தலைப்பே தரவில்லை. உருவங்களைச் சுற்றி வெற்றிடம் முழுக்க எழுத்து நிறைந்திருக்கிறது: பெரிய ஆக்டோபஸும், சிறியதும், அந்தப் பெண்ணும் பேசுகிறார்கள், அவள் பேச்சில் இன்பமே இருக்கிறது. அவளைக் கடலரசனின் மாளிகைக்குக் கொண்டுபோவதாகப் பெரியது சொல்கிறது. எடோ வாசகருக்கு அந்தச் சொல் போதும், தமாதோரியின் கதை நினைவுக்கு வந்துவிடும். கடலரசன் கவர்ந்துபோன மணியை மீட்கக் கடலில் குதித்து, கடல் உயிர்கள் துரத்த, தன் மார்பைக் கீறி மணியை அதற்குள் ஒளித்து உயிர்விட்ட முத்துக்குளிப்புப் பெண் அவள். ஒரு துயரக் கதையைக் கேலியாகத் திருப்பிப் போட்ட படம் இது, ஹோகுசாய்க்கு முன்பே 18ஆம் நூற்றாண்டு ஓவியர்கள் இப்படித் திருப்பியிருக்கிறார்கள். எழுத்தைப் படிக்கத் தெரியாத கோன்கூர் அந்தப் பெண் உயிரோடிருக்கிறாளா, மூழ்கி இறந்தவளா என்று தெரியவில்லை என்ற விதத்தில் எழுதினார். அந்த ஐரோப்பிய வாசிப்புதான் இன்று வலைப்பக்கங்களில் சுற்றுகிறது. எழுத்தை வெட்டிவிட்டுப் படத்தை மட்டும் போடும்போது நீங்களும் அவருடைய பிழையையே மறுபதிப்புச் செய்கிறீர்கள்.

உங்களில் நன்கு படித்தவர்கள் ஒரு மறுப்பு வைப்பீர்கள். 'ஜப்பானியக் கலைஞர்களே தொடர்ச்சி இருக்கிறது என்கிறார்களே? அனிமே இயக்குநர் இசாவோ தகாஹதா 1999ல் 12ஆம் நூற்றாண்டுச் சுருளோவியங்களையே அசைபடம் என்று ஒரு புத்தகம் எழுதினார். ஓவியர் தகாஷி முரகாமி 2000ல் சூப்பர்ஃபிளாட் என்ற பெயரில் எடோ ஓவியத்தையும் அனிமேயையும் ஒரே தட்டையான தளத்தில் நிறுத்தினார்.' உண்மை. அவர்கள் பேசியது பார்வையின் தொடர்ச்சியைப் பற்றி: சுருளை விரிக்க விரிக்கக் காலம் நகர்வது, ஆழமில்லாத பரப்பு, கோட்டின் ஆட்சி. இதில் எனக்கும் பெரிய மறுப்பில்லை. ஆனால் தகாஹதாவை அசைபடத்துக்கு இழுத்தது பால் கிரிமோவின் பிரெஞ்சுப் படம், சுருளோவியங்களுக்கு அவர் வந்தது அதற்குப் பின்னால். கலைஞன் தன் முன்னோரைத் தானே தேர்ந்தெடுப்பது கலையில் அழகான வழக்கம். அந்தத் தேர்வைப் பிறப்புச் சான்றிதழாக வரலாற்றாசிரியர் எடுத்துக்கொள்ளக் கூடாது.

இன்னொரு மறுப்பு இதைவிடக் கனமானது. ஒற்றுமைகள் கண்ணுக்குத் தெரிகின்றனவே என்பீர்கள். மிகைப்படுத்திய உறுப்புகள், படத்துக்குள்ளேயே பேச்சு, பெண் வாசகர்கள், பிரபலமான நூலைக் காமமாக மாற்றி எழுதும் பகடி. 18ஆம் நூற்றாண்டில் ட்சுகியோகா செட்டெய், பெண்களுக்கான ஒழுக்கப் பாடநூலை வரிக்கு வரி பகடி செய்து ஒரு ஷுங்கா புத்தகம் போட்டார். 1975ல் டோக்கியோவில் தொடங்கிய காமிக்கெட் சந்தையில் ரசிகர்கள் விற்கும் பகடி மாங்காக்களைப் பார்ப்பவருக்கு அது நினைவுக்கு வருவது இயல்பு. ஒற்றுமை இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் மலிவான அச்சு, நெருக்கமான நகரம், வாடகைக்கு எடுத்துப் படிக்கும் கூட்டம், அதிகாரபூர்வப் பதிப்புக்கு வெளியே ஒரு சந்தை: இவை நான்கும் சேர்ந்தால் எந்த ஊரிலும் இப்படிப்பட்ட நூல்கள் முளைக்கும். ஒரே மண்ணும் மழையும் கிடைத்தால், விதை வேறிடத்திலிருந்து வந்தாலும் செடி ஒன்றுபோலவே வளரும். பரம்பரையை நிரூபிக்க ஒற்றுமை போதாது, கைமாறிய சான்று வேண்டும்: இந்த ஓவியர் இந்தப் புத்தகத்தை இங்கே பார்த்தார், இதை எடுத்தார் என்று. 1907க்கும் 1990க்கும் இடையில் அந்தச் சான்று மிக மெலிந்தே கிடைக்கிறது.

இதற்கு எதிர்ப்பக்கம் நின்று, எல்லாவற்றையும் சட்டத்தின் தலையில் கட்டுகிறாய் என்று யாராவது சொன்னால் அதிலும் நியாயம் உண்டு. உறுப்புக்குப் பதில் என்ன வரையலாம் என்பதைச் சட்டம் தீர்மானித்தது. அந்தப் படங்களிலுள்ள வன்முறையை எந்தச் சட்டமும் கேட்கவில்லை. பெண்ணின் சம்மதத்தை மிதித்துச் செல்லும் காட்சிகளுக்கு அவற்றை எழுதியவர்களும் வாங்கியவர்களுமே பொறுப்பு. அதேபோல், ஷுங்கா முழுக்க இருவரும் மகிழும் காதல் என்று சொல்பவர்களும் உதாமகுராவின் முதல் படத்தைத் திறந்து பார்க்க வேண்டும். கடலுக்கடியில் ஒரு முத்துக்குளிப்புப் பெண்ணை நீர்ப்பூதங்கள் பலவந்தம் செய்கின்றன, பாறை மேல் உட்கார்ந்த அவள் தோழி பார்த்துக்கொண்டிருக்கிறாள். எடோ ஓவியங்கள் அழகாக்கிய யோஷிவாரா கேளிக்கைப் பேட்டையில் இருந்த பெண்கள் பெரும்பாலும் கடனுக்காகக் குடும்பத்தால் விற்கப்பட்டவர்கள். அவர்களில் ஆதரவற்று இறந்தவர்களைக் கொண்டுபோய்ப் புதைத்த ஜோகான்ஜி கோயிலில் சுமார் 25,000 பேர் இருப்பதாகச் சொல்கிறார்கள். மரபு என்று பெருமைப்படுபவர் இந்தக் கணக்கையும் சேர்த்துத்தான் பேச வேண்டும்.

இதில் இவ்வளவு அழுத்தம் ஏன் என்றால், பொய்யான வம்சாவளி இரண்டு பக்கமும் கேடு செய்கிறது. 'ஜப்பானியர் எப்போதும் இப்படித்தான்' என்பது ஒரு மக்கள் கூட்டத்தின் மேல் மாறாத இயல்பு ஒன்றைப் பூசுகிறது. கஜுராஹோவைக் காட்டி இந்தியரின் இயல்பு இதுதான் என்று யாராவது எழுதினால் நமக்கு எவ்வளவு கோபம் வரும்! மறுபக்கம், 'இது மரபு' என்ற கேடயத்தின் பின்னால் எதையும் ஒளித்துவிடலாம் என்றாகிறது. ஜப்பான் 2014ல்தான் குழந்தைகள் சம்பந்தப்பட்ட பாலியல் படங்களை வைத்திருப்பதையே குற்றமாக்கியது. மாங்காவும் அனிமேயும் அந்தச் சட்டத்துக்குள் வரவில்லை, அந்த விவாதம் அங்கே இன்னும் சூடாக நடக்கிறது. குழந்தை உருவங்களைப் பாலியல்படுத்தும் படங்களுக்கு ஹோகுசாயின் பெயரைத் துணைக்கு அழைப்பது எனக்கு ஏற்புடையதல்ல. இன்று யார் எடுக்கிறார், யாருக்கு விற்கிறார், யாருக்குத் தீங்கு வருகிறது என்று இன்றைய அளவுகோலால்தான் அவற்றைக் கேட்க வேண்டும். அதேபோல், 2007ல் ஒரு காம மாங்காவுக்கான தண்டனையை ஜப்பான் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தபோது கேட்க வேண்டியிருந்ததும் 175ஆம் பிரிவு இன்றைக்கு நியாயமா என்ற கேள்வியே. எடோ காலம் அதற்குச் சாட்சி சொல்ல வராது.

ஷுங்காவுக்கும் அனிமேக்கும் இடையில் உண்மையான கைகுலுக்கல் ஒன்றும் இருக்கிறது, அதைப் பற்றி நீங்கள் எழுத வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். ஹினாகோ சுகியுரா என்ற பெண் எடோ வாழ்க்கையை ஆராய்ந்து எழுதியவர், மாங்கா வரைந்தவர். 1983 முதல் 1987 வரை அவர் வரைந்த 'சருசுபெரி' மாங்கா, 2015ல் கெய்ச்சி ஹரா இயக்கத்தில் 'மிஸ் ஹோகுசாய்' என்ற அசைபடமானது. கதை நடப்பது 1814ல், ஆக்டோபஸ் புத்தகம் வந்த அதே ஆண்டில். நாயகி ஹோகுசாயின் மகள் ஓஎய், அப்பாவோடு உட்கார்ந்து வரையும் ஓவியர். ஷுங்கா வரைவதும் அவள் பிழைப்பில் ஒரு பகுதி. ஆனால் அவள் வரையும் ஆண் உடலில் உயிரில்லை என்று மற்றவர்கள் சொல்ல, அந்தக் குறையோடு அவள் மல்லுக்கட்டுவதைப் படம் மென்மையாகச் சொல்கிறது. அறுந்துபோன ஒரு மரபை நூற்றாண்டு கடந்து, நூலகங்களில் தேடிப் படித்து மீட்ட ஒரு பெண்ணின் உழைப்பு அது. பரம்பரைச் சொத்தாக யாரும் அவருக்குத் தந்துவிடவில்லை.

கியோட்டோவிலுள்ள சர்வதேச ஜப்பானிய ஆய்வு மையம் பழைய காமநூல்களைப் பக்கம் பக்கமாகப் படமெடுத்து இணையத்தில் வைத்திருக்கிறது. பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் சேகரிப்பிலும் பல படங்களை விளக்கத்தோடு பார்க்கலாம். அடுத்த முறை ஆக்டோபஸ் படத்தைப் போடும்போது அங்கிருந்து எடுத்து, எழுத்தை வெட்டாமல், 1814 என்ற ஆண்டையும் புத்தகத்தின் பெயரையும் சேர்த்துப் போடுங்கள். 1907க்கும் 1990க்கும் இடையில் எந்த அனிமே ஓவியராவது எந்த ஷுங்காவிலிருந்தாவது எடுத்தார் என்று பெயரோடும் ஆண்டோடும் உங்களுக்குக் கிடைத்தால், அதை எழுதுங்கள். ஆவலோடு படிப்பேன், என் வாதத்தில் அந்த அளவுக்குத் திருத்தமும் செய்துகொள்வேன்.

அன்புடன்,
உங்கள் வாசகர்களில் ஒருவர்